பனங்களியின் கைப்புக்கு ஒரு பெயர்: பிளபெலிபெரின்

உயர்தரத்தில் உயிரியல் படிக்கும் ஒரு தம்பி நிலாவெளியிலிருந்து கேட்டிருக்கிறார்: "பனம்பழம் பற்றிய ஒரு கட்டுரையின் சுருக்கத்தில் 'பிளபெலிபெரின்' என்று ஒரு சொல் வந்தது. வீட்டில் இருக்கிற எந்த அகராதியிலும் இல்லை. பனம்பழத்தின் கைப்புக்குக் காரணம் அதுதான் என்று விளங்கிக்கொண்டேன், சரியா? இது அல்கலோயிட்டா, சப்போனினா? நஞ்சா, மருந்தா? என்னுடைய செயற்றிட்ட அறிக்கையில் இந்தச் சொல்லை எப்படிப் பாவிப்பது?"

தம்பி, நீங்கள் விளங்கிக்கொண்டது பாதி சரி. மற்றப் பாதியில்தான் இந்தச் சொல்லின் முழு விடயமும் இருக்கிறது. பிளபெலிபெரின் என்பது ஒரு பொருளின் பெயரல்ல. பனம்பழக் களியில் இருக்கிற ஒரு குடும்பத்தின் பெயர். அந்தக் குடும்பம் முழுவதும் ஸ்டீரொயிட்டுச் சப்போனின்கள். அல்கலோயிட்டுக்கும் அவற்றுக்கும் ஒரு சொந்தமும் இல்லை. குடும்பத்தில் எல்லாரும் கைப்பதில்லை. கைப்புக்குப் பேர்போனது அதில் ஒன்று.

இனி ஒவ்வொன்றாக வருகிறேன். பெயரிலிருந்து தொடங்குவோம்.

பனைக்குத் தாவரவியலில் பொராசஸ் பிளபெலிபர் என்று பெயர். 1753இல் லின்னேயஸ் வைத்தது. இலத்தீனில் 'பிளபெல்லம்' என்றால் விசிறி, 'பெர்' என்றால் தாங்குவது. விசிறி தாங்கி நிற்கும் மரம், அவ்வளவுதான். 2022இல் நாளுக்கு 13 மணித்தியாலம் வரைக்கும் கரண்ட் போன காலத்தில் கச்சான் காற்றின் புழுக்கத்துக்குப் பனையோலை விசிறியோடு திண்ணையில் இருந்தவர்களுக்கு அந்தப் பெயரின் அருமை தனியாகச் சொல்லத் தேவையில்லை. பனையின் பெயரில் இருந்து 'பிளபெலிபர்' என்ற பகுதியை எடுத்து, கடைசியில் 'இன்' சேர்த்ததுதான் பிளபெலிபெரின். பெயருக்குள் கைப்பும் இல்லை, பழமும் இல்லை, விசிறிதான் இருக்கிறது.

அந்த 'இன்' என்ற வாலில் தமிழ் வாசகருக்கு ஒரு பொறி உண்டு. ஆங்கிலத்தில் எழுதும்போது அல்கலோயிட்டுகளின் பெயருக்குக் கடைசியில் 'ஈ' என்ற எழுத்து வரும். கபேயின், நிக்கொட்டின், குயினின் எல்லாம் அப்படி. 'இன்' என்று முடியும் சப்போனின்களின் பெயருக்கும் மற்றக் கிளைக்கோசைட்டுகளின் (வெல்லம் ஒட்டிய பொருட்களின்) பெயருக்கும் அந்த எழுத்து வராது. வாசிக்கிறவர் எழுத்தைப் பார்த்தே ஓரளவு இனம் பிரித்துக்கொள்ளலாம். நாங்கள் தமிழில் எழுதும்போது அந்த ஓர் எழுத்து காணாமல் போய், நிக்கொட்டினும் பிளபெலிபெரினும் ஒரே வாலோடு நிற்கின்றன. என்னிடம் வரும் பிள்ளைகளில் இதை அல்கலோயிட்டு என்று எழுதுகிறவர்கள் நிறையப்பேர். அல்கலோயிட்டில் நைதரசன் இருக்கவேண்டும். பிளபெலிபெரினில் காபன், ஐதரசன், ஒட்சிசன் மட்டும்தான்.

சரி, சப்போனின் என்றால் என்ன? 'சப்போ' என்றால் இலத்தீனில் சவர்க்காரம். தண்ணீரோடு குலுக்கினால் சவர்க்காரம்போல நுரைக்கும் தாவரப் பொருட்களுக்கு அந்தப் பெயர். பூந்திக்கொட்டையும் சீயக்காயும் நுரைப்பது இதனால்தான். ஒரு மூலக்கூறின் ஒரு பக்கம் எண்ணெய்க்குணம், மறுபக்கம் வெல்லத்துண்டுகள் ஒட்டியிருப்பதால் தண்ணீர்க்குணம். எண்ணெய்ப் பக்கம் தண்ணீரை வெறுத்து வெளியே தலையை நீட்ட, வெல்லப் பக்கம் தண்ணீருக்குள் காலை ஊன்றிக்கொள்ள, இடையில் காற்று சிக்கி நுரையாகிறது. (இங்கே வெல்லம் என்பது இரசாயனப் புத்தகத்து வெல்லம், குளுக்கோசு போன்றவை. சர்க்கரைக் கட்டியை நினைக்கவேண்டாம்.)

இந்த நுரையை நான் முதலில் பார்த்தது ஆய்வுகூடத்தில் இல்லை, சாம்பல்தீவில் அம்மம்மாவின் வீட்டுக் கிணற்றடியில். ஆவணி மாதம். விடியப்புறம் விழுந்த பழங்களைப் பொறுக்கி வந்து, தோலை உரித்து, கொட்டையைத் தும்போடு பிடித்துக் கொஞ்சம் தண்ணீர் தெளித்துப் பிசைவா. களி வழிந்து கடகத்துக்குக் கீழே இருக்கும் சட்டிக்குள் விழும். மஞ்சளுக்கும் செம்மஞ்சளுக்கும் நடுவில் ஒரு நிறம். பிசைந்து முடிந்ததும் கையைக் கழுவுகிற வாளியில் பார்த்தால் வெள்ளை நுரை. சவர்க்காரம் போடவில்லை, ஆனாலும் நுரை. அது லேசில் அடங்காது. நான் கையால் அடித்து அடித்துக் கூட்டுவேன், அம்மம்மா பேசுவா. பிறகு விரலில் களியைத் தொட்டு நாக்கில் வைத்தால் முதலில் இனிப்பு, மணம் மூக்குக்கு ஏறும், விழுங்கினபிறகு அடித்தொண்டையில் ஒரு கைப்பு வந்து குந்திக்கொள்ளும். நுரையும் கைப்பும் ஒரே குடும்பத்தின் வேலை என்று தெரிய எனக்குப் பிறகு பத்துப் பன்னிரண்டு வருடம் பிடித்தது.

'வேலிக்கரை மரத்துப் பழம் கைக்காது, கிணற்றடி மரத்துப் பழம் கைக்கும்' என்று அவ பிரித்து வைத்திருந்தா. களியை வெயிலில் காயவைத்துச் செய்யும் பனாட்டுக்கு வேலிக்கரைப் பழம்தான் போகும். இதை நாங்கள் கிழவிகளின் கதை என்று எண்ணினோம். உண்மையில் மரத்துக்கு மரம் பிளபெலிபெரின்களின் கலவை வேறுபடுகிறது. எது கூட, எது குறைய என்பது பழத்துக்குப் பழம் ஒன்றல்ல. ஆய்வாளர்கள் கலவையைப் பிரித்துக் காட்டும் நிறமெழுத்துப் பகுப்பில் கண்டதை அம்மம்மா நாக்கால் கண்டிருக்கிறா.

இப்போது மூலக்கூறுக்குள் போவோம். இதைத்தான் நீங்கள் நின்று வாசிக்கவேண்டும்.

ஒவ்வொரு பிளபெலிபெரினுக்கும் இரண்டு பகுதி. ஒன்று உடல், அதை அக்ளைக்கோன் அல்லது சப்போஜெனின் என்பார்கள். 27 காபன்களும் 6 வளையங்களும் கொண்ட ஸ்டீரொயிட்டு. ஸ்பைரோஸ்டேன் என்று இந்த அமைப்புக்குப் பெயர். முதல் நான்கு வளையம் கொலஸ்திரோலில் இருப்பதுபோலவே. கடைசி இரண்டும் ஒரே ஒரு காபனில் சந்தித்து ஒன்றுக்கொன்று குறுக்காக நிற்கும். இதே அமைப்புள்ளவர்களில் உலகப்புகழ் பெற்ற ஒருவர் உண்டு, டயோஸ்ஜெனின். நாங்கள் களி கிண்டும் இராசவள்ளியின் பேரினத்தைச் சேர்ந்த மெக்சிக்கோக் காட்டுக்கிழங்குகளிலிருந்து ரசல் மார்க்கர் என்ற அமெரிக்கர் 1940களில் அதைப் பிரித்தெடுத்து, புரொஜெஸ்தரோன் ஓமோன் செய்யும் வழியைத் திறந்தார். பிற்காலத்துக் கருத்தடை மாத்திரைகளுக்கு அந்தக் கிழங்குதான் வழிவிட்டது. பனங்களியின் கைப்புக்கும் அந்த மாத்திரைக்கும் இப்படி ஒரு தூரத்துச் சொந்தம்.

மற்றப் பகுதி வெல்லச் சங்கிலி. உடலின் 3ஆம் காபனில் தொங்கும். குளுக்கோசும் ரம்னோசும் கோத்த சிறு சங்கிலி. ஒரு பிளபெலிபெரினை இன்னொன்றிலிருந்து பிரித்துக் காட்டுவது பெரும்பாலும் இந்தச் சங்கிலிதான்: எத்தனை வெல்லம், எந்த வெல்லம், எதோடு எது. அதனால்தான் பெயருக்குப் பின்னால் எண்ணோ எழுத்தோ வருகிறது; பிளபெலிபெரின்-2, பிளபெலிபெரின்-பீ என்றவாறு. பிளபெலிபெரின்-2இல் நான்கு வெல்லங்கள். கைப்பின் பொறுப்பு இதன் தலையில்தான் விழுகிறது. பிளபெலிபெரின்-பீயில் வெல்லம் குறைவு. அதன் பெயர் கைப்புக்காக அல்ல, மதுவத்தை (ஈஸ்டை) தடுப்பதற்காகப் பேசப்படுகிறது.

வெல்லம் ஒட்டியதால் வந்த கைப்பு! வகுப்பில் இதைச் சொன்னால் ஒரு பிள்ளையும் முதலில் நம்பாது. வெல்லத்தைத் தனியாக நாக்கில் வைத்தால் இனிக்கும். அதையே பெரிய எண்ணெய்க்குண உடலில் நாலாகக் கோத்துவிட்டால் நாக்கு அதை வெல்லமாக அறிவதில்லை. இதற்குக் கையிலேயே சான்று இருக்கிறது. ஸ்ரீ ஜயவர்த்தனபுரப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் ஈ. ஆர். ஜான்ஸும் அவரோடு சேர்ந்தவர்களும் பனங்களியை நரிஞ்சினேசு என்ற நொதியத்தோடு சேர்த்துப் பார்த்தார்கள். அந்த நொதியம் வேறொரு கைப்புக்காகப் பெயர்பெற்றது. பம்பளிமாசுக்குச் சொந்தமான கிரேப்புரூட் சாற்றின் நரிஞ்சின் என்ற கைப்புப் பொருளிலிருந்து வெல்லத்தை வெட்டிக் கைப்பைப் போக்க, சாறு செய்யும் தொழிற்சாலைகள் அதைப் பாவிக்கின்றன. நரிஞ்சினிலும் குளுக்கோசும் ரம்னோசும்தான் ஒட்டியிருக்கின்றன. ஆகவே பனைக்கும் அதே கத்தரிக்கோல் பொருந்தியது. சங்கிலியில் வெட்டு விழுந்ததும் களியின் கைப்புப் போனது. உடல் அப்படியே இருந்தது. கைப்பு உடலில் மட்டும் இருந்திருந்தால் வெல்லத்தை வெட்டி ஒரு பயனும் வந்திராது.

இதை வைத்து உங்கள் கேள்வியின் முதல் பகுதிக்குத் திரும்புங்கள். நொதியம் போட்ட களியில் கைப்பு இல்லை. ஆனால் பிளபெலிபெரின் இல்லை என்று சொல்லமுடியுமா? முடியாது. கைப்பான உறவினர் கைக்காத உறவினராக மாறியிருக்கிறார். அந்தக் களியைக் குலுக்கினால் இன்னும் நுரைக்கலாம். "கைப்பு நீக்கிய களி" என்பதையும் "பிளபெலிபெரின் நீக்கிய களி" என்பதையும் ஒன்றாக எழுதினால் அதுதான் இந்தச் சொல்லைப் பாவிப்பதில் நடக்கும் முதல் பிழை.

சூடாக்கினால் போகாதா என்று கேட்பீர்கள். நானும் அப்படித்தான் நம்பினேன். ஒருமுறை கிணற்றடி மரத்துப் பழத்தில் ஜாம் செய்கிறேன் என்று தொடங்கினேன். சீனியைக் கொட்டி ஒரு மணித்தியாலத்துக்கு மேல் கிண்டினேன். முதல் நடந்தது, நுரை பொங்கி அடுப்பை அணைத்தது. கடைசியில் கிடைத்தது நல்ல நிறமான, நல்ல மணமான, கைத்த ஜாம். மருமகள் ஒரு கரண்டி வாயில் வைத்துவிட்டு, "மாமா, இது மருந்தா?" என்று கேட்டாள். வீட்டு அடுப்புச் சூட்டில் இந்தச் சங்கிலி அறுவதில்லை. பனங்காய்ப் பணியாரத்தில் கைப்புக் குறைவாகத் தெரிவதற்குக் காரணம் சீனியும் மாவும் எண்ணெயும் அதை மூடுவதுதான். சுட்ட பழத்திலும் கருகின மணம் முன்னுக்கு வந்து நிற்கிறது.

அடுத்து மதுவம். பனங்களியில் வெல்லம் நிறைய இருக்கிறது, ஆகவே நொதிக்கவைத்தால் மதுசாரம் நன்றாக வரவேண்டும். கணக்குப் பார்த்தால் வரவேண்டிய அளவு வருவதில்லை. மதுவத்தைத் தடுப்பது இந்தச் சப்போனின்கள்தான், அதிலும் பிளபெலிபெரின்-பீ. மதுவத்தின் கலமென்சவ்வில் எர்கோஸ்திரோல் என்ற ஸ்டீரொயிட்டு இருக்கிறது. சப்போனின் அதோடு ஒட்டி மென்சவ்வின் கட்டுக்கோப்பைக் குலைக்கும். எங்கள் செங்குழியத்தின் மென்சவ்வில் கொலஸ்திரோல் இருக்கிறது. ஆய்வுகூடத்தில் குருதியோடு நேரே கலந்தால் பொதுவாகச் சப்போனின்கள் செங்குழியத்தை உடைக்கும். இதைக் கேட்டுவிட்டு யாரும் பணியாரத்தைத் தூக்கி எறியவேண்டாம். வாயால் சாப்பிடும் சப்போனினில் மிகச் சிறு பங்குதான் குடல்தாண்டிக் குருதிக்குப் போகும். கடலையிலும் பயறிலும் சோயாவிலும்கூடச் சப்போனின் இருக்கிறது.

பதநீருக்கும் கள்ளுக்கும் இந்தச் சொல்லைக் கொண்டுபோகாதீர்கள். கள்ளு எவ்வளவு வேகமாக நொதிக்கிறது என்பது ஊரறிந்தது. பாளையிலிருந்து வடிவது வேறு, பழக்களி வேறு.

நஞ்சு பற்றிய கேள்வி. இங்கே இரண்டு கதைகள் கலந்து ஓடுகின்றன, பிரித்துவிடவேண்டும். 1971இல் வெளியான ஓர் ஆய்வு, பனை மாவை உண்ட எலிகளின் ஈரல் பாதிக்கப்பட்டதைக் காட்டியது. பிறகு நரம்பு சார்ந்த நச்சு பற்றியும் ஆய்வுகள் வந்தன. அவை ஒடியல் மாவைப் பற்றியவை. அதாவது முளைத்த பனங்கிழங்கைக் காயவைத்து இடித்த மா. பழக்களி அல்ல. ஒடியல் மாவைத் தண்ணீரில் ஊறவிட்டு, அந்தத் தண்ணீரை ஊற்றிவிட்டுப் பிட்டு அவிக்கும் பழக்கம் எங்கள் வீடுகளில் சும்மா வந்ததல்ல. நரம்பு நச்சு என்று சொல்லப்பட்டது சூட்டில் போய்விடுகிறது. பிளபெலிபெரின்-2இன் கைப்பு சூட்டில் போவதில்லை. இந்த ஒரு வேறுபாடே இரண்டும் ஒன்றல்ல என்று காட்டப் போதும். ஆகவே "பிளபெலிபெரின் என்பது ஒடியலில் உள்ள நஞ்சு" என்று எங்காவது கண்டால் அந்த வசனத்தை உங்கள் அறிக்கைக்குள் விடாதீர்கள்.

மருந்து பற்றிய கதைக்கும் ஒரு மூலம் உண்டு. பிளபெலிபெரின்-2 சுண்டெலிகளின் குடலில் குளுக்கோசு உறிஞ்சப்படுவதைக் குறைத்தது என்று அதே ஜயவர்த்தனபுரக் குழு காட்டியது. இதைப் பிடித்துக்கொண்டு 'பனங்களி சலரோகத்துக்கு மருந்து' என்று சொல்கிறவர்கள் ஊரில் இருக்கிறார்கள். சுண்டெலியிலிருந்து மனிதருக்குத் தாண்டுவது பெரிய தாண்டல். அதோடு பனாட்டில் அந்தப் பிளபெலிபெரினோடு சேர்ந்து கைநிறைய வெல்லமும் இருக்கிறது. பாணிப்பனாட்டு என்றால் பாணியும் சேர்ந்து வரும். என் கருத்து: அறிக்கையில் "சுண்டெலிகளில்" என்ற சொல்லை ஒருபோதும் தவறவிடாதீர்கள். அதுதான் அந்த வசனத்தின் நேர்மை.

ஒரு பக்கத்துப் பெயரையும் அறிந்துவைத்திருங்கள், தேடும்போது குறுக்கே வரும். 2007இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் ஆண்பனையின் பூவிலிருந்து புதிதாகச் சில ஸ்பைரோஸ்டேன் சப்போனின்களைப் பிரித்து அவற்றுக்குப் பொராசோசைட்டு என்று பெயரிட்டார்கள். அது பனையின் முதற்பெயரிலிருந்து வந்தது. பிளபெலிபெரின் இரண்டாம் பெயரிலிருந்து. ஒரே மரம், நெருங்கிய இனம், ஆனால் வேறு பாகம், வேறு பட்டியல். ஒன்றுக்குப் பதிலாக மற்றதை எழுதமுடியாது.

எழுத்துக்கு வருவோம். நான் 'பிளபெலிபெரின்' என்று எழுதுகிறேன், எங்கள் பாடநூல் வழக்கப்படி. இந்தியத் தமிழில் ஆய்த எழுத்துச் சேர்த்து 'ஃபிளாபெல்லிஃபெரின்' என்று எழுதுவார்கள். எதை எடுத்தாலும் அறிக்கை முழுவதும் ஒன்றையே வைத்திருங்கள். 'பனைச் சப்போனின்' என்று தமிழாக்கினால் என்ன என்று ஒருவர் கேட்டார். எனக்கு அதில் உடன்பாடில்லை. அப்படி எழுதினால் பொராசோசைட்டும் அதற்குள் வந்துவிடும்.

"பனம்பழத்தில் பிளபெலிபெரின் உள்ளதால் அது கைக்கிறது" என்று எழுதாமல், "பனங்களியின் கைப்புக்கு முக்கிய காரணம் பிளபெலிபெரின்-2" என்று எழுதுங்கள். எது என்று தெரியாத இடத்தில் பன்மையில் "பிளபெலிபெரின்கள்" என்று விடுங்கள். "பிளபெலிபெரின் சோதனை செய்தேன்" என்று எழுதவேண்டாம், ஏனென்றால் பள்ளிக்கூட ஆய்வுகூடத்தில் உங்களால் செய்யக்கூடியது நுரைச் சோதனை மட்டும்தான். அது சப்போனின் இருக்கலாம் என்று சொல்லும், எந்தச் சப்போனின் என்று சொல்லாது. "நுரைச் சோதனை சப்போனின்களுக்குச் சாதகமாக இருந்தது" என்பதுதான் அளவான வசனம்.

அதைச் செய்யும் விதமும் சொல்லிவிடுகிறேன். களியைப் பத்து மடங்கு தண்ணீரில் கரைத்து, மெல்லிய பருத்தித் துணியில் இரண்டுதரம் வடியுங்கள். தும்பும் கொழகொழப்பும் போகவேண்டும், இல்லாவிட்டால் அவையும் நுரையைத் தாங்கிப் பிடித்து உங்களை ஏமாற்றும். வடித்ததைச் சோதனைக்குழாயில் மூன்றில் ஒரு பங்குக்கு எடுத்து, பெருவிரலால் மூடி அரை நிமிடம் பலமாகக் குலுக்கி, நிறுத்தாங்கியில் வைத்துவிட்டுக் கடிகாரத்தைப் பாருங்கள். கால் மணித்தியாலம் கழித்தும் தேன்கூடு மாதிரி நுரை நின்றால் குறித்துக்கொள்ளுங்கள். பக்கத்தில் பூந்திக்கொட்டை ஊறின தண்ணீர் ஒரு குழாயிலும், சீனித் தண்ணீர் ஒரு குழாயிலும் அதேமாதிரிக் குலுக்கி வையுங்கள். ஒப்பிட ஆள் இல்லாத நுரைக்குப் பெறுமதி இல்லை.

பழத்தை நிலாவெளியிலேயே எடுக்கலாம், ஆனால் ஒன்று கவனியுங்கள். நிலத்தில் விழுந்து கிடக்கிற பழங்களைக் கும்பலாகப் பொறுக்கிக்கொண்டு வராதீர்கள். எந்த மரத்தின் கீழ் எடுத்தது என்று ஒவ்வொரு பையிலும் எழுதி, களியையும் தனித்தனிப் போத்தலில் வையுங்கள். வீட்டில் பெரியவர் யாரும் இருந்தால், குலுக்குவதற்கு முன்பே எந்த மரம் கைக்கும் என்று கேட்டு ஒரு தாளில் எழுதி மடித்து வையுங்கள்.